சிங்கீதம் சீனிவாச ராவுக்கு என்று ஒரு பாணி உண்டா?

ஸ்ரீதர் படம், பாலசந்தர் படம், பாலு மகேந்திரா படம் என்றதும் மனத்தில் ஒரு சாயல் எழுகிறது. சிங்கீதம் சீனிவாச ராவ் படம் என்றால் அப்படி எதுவும் எழவில்லையே, கையில் கிடைத்த கதையை ஒழுங்காக எடுத்துக் கொடுத்தவர் என்பதற்கு மேல் அவரைப் பற்றிச் சொல்ல என்ன இருக்கிறது, தமிழில் அவர் பெயர் நிற்கும் படங்கள் எல்லாம் உண்மையில் கமல்ஹாசன் படங்கள்தானே என்பது கேள்வி. சென்னையில் சினிமாவைப் பற்றிப் பேசுகிற இடங்களில் இதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். நல்ல ரசிகர்களே இப்படிக் கேட்பதால், இதற்குச் சற்று விரிவாகவே பதில் சொல்ல விரும்புகிறேன்.

அவருக்குப் பாணி உண்டு என்பதும், அது நாம் வழக்கமாகத் தேடுகிற இடத்தில் இல்லை என்பதும் என் கருத்து. ஒரு இயக்குநரின் பாணியை நாம் பெரும்பாலும் அவர் எடுத்துக்கொள்ளும் கதைகளிலோ, ஒளிப்பதிவின் நிறத்திலோ, பாத்திரங்கள் பேசும் விதத்திலோ தேடுகிறோம். சிங்கீதத்தின் படங்களில் இவை மூன்றும் படத்துக்குப் படம் மாறுகின்றன. மாறாமல் இருப்பது ஒன்று: படத்தைத் தொடங்கும் முன்பே அவர் தனக்குத் தானே ஒரு நிபந்தனையை விதித்துக்கொள்கிறார், கடைசி ரீல் வரை அதை மீறுவதில்லை. யாரும் பேசக்கூடாது, நாயகன் மூன்றடி உயரத்தில்தான் இருக்க வேண்டும், ஒரே முகம் கொண்ட நான்கு பேர் இருந்தும் பார்ப்பவருக்கு ஒரு நொடியும் குழப்பம் வரக்கூடாது, காலை இழந்த பெண்ணே தன் கதையில் தானே நடித்து ஆட வேண்டும் என்று ஒவ்வொரு படத்துக்கும் ஒன்று. அந்த நிபந்தனையிலிருந்துதான் காட்சிகளும் நகைச்சுவையும் சோகமும் பிறக்கின்றன.

இந்தப் பழக்கம் அவருக்கு வடபழனியில் வந்தது. 1931இல் நெல்லூர் மாவட்டத்தில் பிறந்து, சென்னை மாநிலக் கல்லூரியில் படித்து, சூளூர்ப்பேட்டையில் சிறிது காலம் ஆசிரியராக இருந்து, நாடகங்கள் எழுதி, பின்னர் கே. வி. ரெட்டியிடம் உதவி இயக்குநராகச் சேர்ந்தவர் அவர். கே. வி. ரெட்டி என்ற பெயர் தமிழ் வாசகருக்கு உடனே பிடிபடாவிட்டாலும், 1957இல் வந்த ‘மாயா பஜார்’ பிடிபடும். ‘கல்யாண சமையல் சாதம்’ தெரியாத தமிழ்க் குடும்பம் இருக்க முடியாது. வடபழனியின் வாகினி ஸ்டூடியோவில் உருவான அந்தப் படத்தின் படப்பிடிப்புக்கு முன்பே நடிகர்களை ஒத்திகை பார்க்கச் செய்து, ஒவ்வொரு காட்சியும் பாடலும் எத்தனை நேரம் ஓடும் என்று ஸ்டாப்வாட்ச் வைத்துக் கணக்கிட்டு, படத்தின் மொத்த நீளத்தை முன்கூட்டியே தீர்மானித்தவர் ரெட்டி. எடுத்துத் தள்ளிவிட்டுப் படத்தொகுப்பு மேசையில் பார்த்துக்கொள்ளலாம் என்ற எண்ணத்துக்கே அங்கே இடமில்லை. அந்தப் பள்ளியில் பயின்ற ஒருவருக்கு, ஒரு காட்சி என்பது முதலில் ஒரு கணக்கு. அதைச் சரியாகப் போட்ட பிறகுதான் கலை. சிங்கீதத்தின் சிறந்த படங்களில் தேவையற்ற ஒரு ஷாட்டைக் காட்டுங்கள் என்று யாராவது கேட்டால் திணற வேண்டியிருப்பதற்கு இதுதான் காரணம்.

‘மாயா பஜார்’ அவருக்குக் கணக்கை மட்டும் கொடுக்கவில்லை. அந்தப் படத்தின் பிற்பகுதியில் கடோத்கசன் மணப்பெண்ணின் உருவத்தில் திருமண வீட்டுக்குள் புகுந்துவிடுகிறான். சாவித்திரி அந்தக் காட்சிகளில் உருவத்தால் பெண்ணாகவும் நடையாலும் பார்வையாலும் ஓர் அரக்கனாகவும் நடித்ததை ஒருமுறை பார்த்தவர்கள் மறக்க மாட்டார்கள். ஒருவர் இடத்தில் இன்னொருவர் நுழைவது, உருவம் ஒன்றாகவும் உள்ளே இருப்பவர் வேறாகவும் இருப்பது என்ற இந்த விளையாட்டை மனத்தில் வைத்துக்கொண்டு சிங்கீதம் பின்னாளில் எடுத்த படங்களை வரிசையாக நினைத்துப் பாருங்கள். ‘பேசும் படம்’ பணக்காரனின் அறையில் புகுந்துகொண்ட ஏழையின் கதை, ‘அபூர்வ சகோதரர்க’ளில் குள்ளனான அப்பு செய்த கொலைகளுக்காக அவனுடைய இரட்டைச் சகோதரனைக் காவல்துறை தேடுகிறது, ‘மைக்கேல் மதன காமராஜ’னில் ஒருவன் வீட்டில் இன்னொருவன் வாழ்கிறான், 1995இல் பிரபு நடித்த ‘சின்ன வாத்தியா’ரில் உயிரே உடல் மாறுகிறது. சாயல் எதுவும் எழவில்லை என்கிறீர்கள். எனக்கோ இது முப்பது நாற்பது ஆண்டுகள் விடாமல் தொடர்ந்த ஒரே கேள்வியாகப் படுகிறது.

ஆனாலும் அவர் முதலில் பெயர் பெற்றது இத்தகைய விளையாட்டுப் படங்களால் அல்ல என்பதையும் சொல்லியாக வேண்டும். யு. ஆர். அனந்தமூர்த்தியின் நாவலைக் கொண்டு பட்டாபிராம ரெட்டி இயக்கிய ‘சம்ஸ்காரா’ (1970), முதலில் சென்னைத் தணிக்கைக் குழுவால் தடுக்கப்பட்டு, பின்னர் நாட்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதைப் பெற்ற கன்னடப் படம். அதன் உருவாக்கத்தில் சிங்கீதத்துக்கு முக்கியமான பங்கு உண்டு. புராண மாயாஜாலத்தில் பயின்ற ஒருவர், நட்சத்திரங்கள் இல்லாத, அலங்காரம் இல்லாத அந்தப் படத்தில் போய் நின்றார் என்பதே அவருடைய இயல்பைக் காட்டுகிறது. அதன் தொடர்ச்சியாகத்தான் 1974இல் தமிழில் ‘திக்கற்ற பார்வதி’ வந்தது. ராஜாஜி எழுதிய கதை. லட்சுமியும் ஸ்ரீகாந்தும் நடித்தார்கள். வீணைக் கலைஞர் சிட்டிபாபு இசையமைத்தார். குடியாலும் கடனாலும் ஓர் ஏழைக் குடும்பம் படிப்படியாகச் சிதைவதைக் கறுப்பு வெள்ளையில், குரல் உயர்த்தாமல் சொன்ன படம். மதுவிலக்குப் பிரச்சாரமாகச் சரிந்துவிடக்கூடிய கதையை அவர் அப்படிச் சரியவிடவில்லை. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. ‘மைக்கேல் மதன காமராஜ’னை வரிக்கு வரி ஒப்பிக்கிற நம்மில் பலர் இந்தப் படத்தைப் பார்த்ததே இல்லை என்பது எனக்கு உண்மையிலேயே வருத்தம் தருகிறது.

ஒரே மனிதர் தெலுங்கு, கன்னடம், தமிழ் என்று இப்படி நடமாட முடிந்ததற்கு அன்றைய சென்னையும் காரணம். தென்னகத்தின் நான்கு மொழிப் படங்களும் பெருமளவில் இங்கேதான் உருவாயின. ஆற்காடு சாலையை ஒட்டிய ஸ்டூடியோக்களில் ஒரு தளத்தில் தெலுங்குப் படமும் அடுத்த தளத்தில் தமிழ்ப் படமும் நடந்துகொண்டிருக்க, ஒளிப்பதிவாளரும் கலை இயக்குநரும் வாத்தியக்காரர்களும் மொழி பார்க்காமல் இங்குமங்கும் போய் வேலை செய்தார்கள். இப்போது அந்தப் பகுதியில் வணிக வளாகமும் மருத்துவமனையும் நிற்பதைப் பார்ப்பவர்களுக்கு, ஓர் உதவி இயக்குநர் ஒரே நாளில் மூன்று மொழிகளைக் கேட்டு வளர்ந்த காலத்தைக் கற்பனை செய்வது கடினம்.

இனி ‘பேசும் பட’த்துக்கு வருகிறேன், ஏனென்றால் கேள்விக்கான பதிலில் பெரும்பகுதி அதில்தான் இருக்கிறது. 1987இல் வந்த இந்தப் படம் கன்னடத்தில் ‘புஷ்பக விமானா’ என்றும் மற்ற மொழிகளில் வேறு வேறு பெயர்களிலும் வெளியானது. வசனமே இல்லாததால் ஒரே படம் எல்லா மொழிக்கும் போதுமானதாக இருந்தது. இதை ‘மௌனப் படம்’ என்று சொல்கிற வழக்கம் இருக்கிறது. அது முழுக்கச் சரியல்ல. பழைய மௌனப் படங்களில் ஒலியே கிடையாது. இதிலோ ஒலிதான் கதை சொல்கிறது. எல். வைத்தியநாதனின் பின்னணி இசையும் சுற்றுப்புறச் சத்தங்களும் சேர்ந்து வசனத்தின் வேலையைச் செய்கின்றன. பாத்திரங்கள் ஊமைகளும் அல்லர். பேச முடியாத தூரத்தில், கண்ணாடிக்கு அப்பால், எதிரெதிர் அறைகளில் அவர்களை நிறுத்தி, பேச்சு தேவைப்படாத சூழலை ஒவ்வொரு காட்சிக்கும் இயக்குநர் உருவாக்கித் தருகிறார். இந்த நிபந்தனையின் கடினம் எத்தகையது என்பது, இரண்டு பேர் சந்திக்கும் ஒரு சாதாரணக் காட்சியை வசனம் இல்லாமல், ஆனால் அது இல்லை என்ற உணர்வே வராமல் எழுதிப் பார்க்க முயன்றால் புரியும்.

ஒரு காட்சியை மட்டும் நெருக்கமாகப் பார்ப்போம். வேலையில்லாத நாயகன் குடியிருக்கும் இடம் ஒரு திரையரங்கை ஒட்டியது. இரவெல்லாம் சண்டைக் காட்சியின் அடிதடிச் சத்தம் சுவரைத் தாண்டிக் கேட்கும். குடித்து மயங்கிக் கிடந்த ஒரு பணக்காரனின் அறைச் சாவி கைக்கு வர, அவனைத் தன் அறையில் அடைத்துவிட்டு, இவன் நட்சத்திர ஓட்டலின் மெத்தையில் போய்ப் படுக்கிறான். தூக்கம் வரவில்லை. அவ்வளவு அமைதி அவனுக்குப் பழக்கமில்லை. கடைசியில் பழைய இடத்துக்கே போய் அந்தச் சினிமாச் சண்டையின் சத்தத்தை டேப்பில் பதிவு செய்து கொண்டுவந்து, ஓட்டல் அறையில் ஓடவிட்டுத்தான் நிம்மதியாகத் தூங்குகிறான். ஏழ்மை ஒரு மனிதனின் காதில் கூடக் குடியேறிவிடுகிறது என்பதை எத்தனையோ படங்கள் பக்கம் பக்கமாகப் பேசியும் சொல்ல முடியாதபோது, இந்தப் படம் ஒரு டேப் ரெக்கார்டரை வைத்துச் சொல்லிவிடுகிறது. அதற்கு நாம் சிரிக்கிறோம் என்பதுதான் அவருடைய கைத்திறன். நாயகி அமலா எழுதிக் கொடுத்த சீட்டு, அவன் படிக்கும் முன்பே காற்றில் பறந்து சாக்கடையில் விழுவதும், அவன் மறுபடியும் வேலை தேடும் வரிசையில் போய் நிற்பதும் அந்தச் சிரிப்புக்குப் பிறகு வருவதால்தான் அப்படித் தாக்குகின்றன.

இப்போது கமல்ஹாசன் பற்றிய பகுதி. 1979இல் தெலுங்கில் தொடங்கி, கமலின் நூறாவது படமான ‘ராஜ பார்வை’ (1981) வழியாக, 2005இன் ‘மும்பை எக்ஸ்பிரஸ்’ வரை நீண்டது இந்த உறவு. பல படங்களில் திரைக்கதை கமலுடையது, வசனம் கிரேசி மோகனுடையது, இசை இளையராஜாவுடையது; இவர்கள் பங்கைக் குறைத்து இயக்குநரின் பங்கைப் பெரிதாக்குவது நியாயமாகாது. ஆனால் ஒரு பெரிய நடிகரின் அசாதாரணமான யோசனை திரையில் நம்பும்படியாக மாறுவதற்கு வேறு ஒருவரின் கணக்குத் தேவைப்படுகிறது. ‘அபூர்வ சகோதரர்க’ளில் (1989) அப்புவின் உயரத்தைக் காட்டக் கணினி வரைகலை கிடையாது. மடக்கிய கால்கள், முழங்காலில் பொருத்திய தனிக் காலணிகள், தரையில் தோண்டிய குழி, கேமராவை வைக்கும் உயரம் ஆகியவைதான் கருவிகள். ஒவ்வோர் உத்தியும் ஒரு கோணத்துக்கு மட்டுமே பொருந்தும். கேமரா சற்று விலகினாலும் குட்டு வெளிப்பட்டுவிடும். ஆகவே எந்த ஷாட்டில் எந்த உத்தி, அடுத்த ஷாட்டில் எது, இரண்டும் ஒட்டும்போது பார்ப்பவர் கண் எங்கே இருக்கும் என்பதெல்லாம் முன்பே முடிவாகியிருக்க வேண்டும். ஸ்டாப்வாட்ச் பிடித்துப் பழகியவருக்கு ஏற்ற வேலை அது. அப்பு செய்யும் ஒரு கொலையில், ஒரு பொருள் மற்றொன்றைத் தட்ட, அது இன்னொன்றை இயக்க, இறுதியில் அம்பு பாய்கிறது. வலிமையில்லாத ஒரு சிறிய மனிதன் அறிவால் மட்டுமே கொல்ல முடியும் என்பதால்தான் அந்தப் பொறி அங்கே இருக்கிறது; அலங்காரத்துக்காகச் செருகிய வித்தை அல்ல.

‘மைக்கேல் மதன காமராஜன்’ (1990) பற்றி எழுதாதவர்கள் இல்லை என்பதால் இரண்டே விஷயங்கள் சொல்கிறேன். நான்கு குழந்தைகள் பிறந்து, பிரிந்து, நான்கு இடங்களில் வளர்ந்த முன்கதையை வேறு யாராவது எடுத்திருந்தால் அரை மணி நேரம் ஆகியிருக்கும். இங்கே ‘கதை கேளு கதை கேளு’ என்ற தொடக்கப் பாட்டே அதைச் சொல்லி முடித்துவிடுகிறது. அடுத்தது, கல்யாணச் சாம்பாரில் மீன் விழும் காட்சி. அந்த மீன் எங்கிருந்து வந்தது, யார் பார்த்தார்கள், யாருக்குத் தெரியாது என்பவை நமக்குத் துல்லியமாகத் தெரிந்திருப்பதால்தான், காமேஸ்வரனின் பாலக்காட்டுத் தமிழ் தடுமாறும் ஒவ்வொரு நொடியும் சிரிப்பாகிறது. வசனத்துக்குத்தான் நாம் சிரிக்கிறோம் என்று நினைத்துக்கொள்கிறோம். அந்த வசனம் பலிப்பதற்கான தகவல்களை இயக்குநர் அதற்கு முன்பே நம் கண்ணில் வைத்துவிட்டார்.

கமல் நாயகனாக இல்லாத படங்களைப் பார்த்தால் ஐயம் முழுவதும் தீரும். ‘மயூரி’ (1985) தெலுங்கில் எடுக்கப்பட்டுத் தமிழிலும் வந்தது. 1981இல் தமிழ்நாட்டில் நடந்த ஒரு சாலை விபத்தின் விளைவாகக் காலை இழந்து, ஜெய்ப்பூர்ச் செயற்கைக் காலுடன் மேடையேறிய சுதா சந்திரன், தன் கதையில் தானே நடித்தார். பரிதாபத்தைத் தூண்டுவது அந்தக் கதையில் எளிது. சிங்கீதம் அதைவிட அதிகமாக அக்கறை காட்டியது பயிற்சியில்: கால் வலிக்கிறது, இரத்தம் கசிகிறது, தாளம் தப்புகிறது, மறுபடி நிற்கிறாள். கன்னடத்தில் ராஜ்குமாரை வைத்து 1980களில் அவர் எடுத்த ‘ஹாலு ஜேனு’, ‘எரடு நட்சத்திரகளு’, ‘சிராவண பந்து’ முதலிய படங்கள் முற்றிலும் குடும்பங்களுக்கானவை. பாட்டும் கண்ணீரும் நிறைந்தவை. ‘பாக்யத லட்சுமி பாரம்மா’ என்ற படத்துக்கு அவரே இசையமைப்பாளர் என்பது தமிழ்நாட்டில் பலருக்குத் தெரியாது. ராஜ்குமாரின் மகன் சிவராஜ்குமாரை ‘ஆனந்த்’ (1986) மூலம் நாயகனாக அறிமுகப்படுத்தியவரும் அவர்தான்.

1991இல் வந்த ‘ஆதித்யா 369’ தெலுங்கில் பாலகிருஷ்ணா நடித்த காலப் பயணக் கதை. காலயந்திரம் ஒருமுறை கிருஷ்ணதேவராயரின் அவைக்கும், மறுமுறை 2504ஆம் ஆண்டுக்கும் போகிறது. இந்திய மொழிகளில் காலப் பயணத்தை முழுநீளப் படமாக எடுக்கவே தயங்கிய காலத்தில், ஒரு வைரத் திருட்டு என்ற எளிய சரட்டில் மூன்று காலங்களையும் கோத்தார். எதிர்காலப் பகுதி இன்று பழையதாகத் தெரிகிறது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். விஜயநகரப் பகுதி இன்றும் புதிதாகவே இருக்கிறது. மூன்றாண்டு கழித்து ‘பைரவ த்வீபம்’ எடுத்தபோது, இளவரசனும் மந்திரவாதியும் வரும் பழைய விஜயா பட நிறுவனத்தின் பாணியிலான நாட்டுப்புறக் கதைக்கே திரும்பினார். குருநாதர் கே. வி. ரெட்டி ‘பாதாள பைரவி’ எடுத்தது 1951இல். சீடர் அதே மரபை 1994இன் பார்வையாளருக்கு ஏற்பச் சொன்னார், அதுவும் ஓடியது.

அதே 1994இல்தான் தமிழில் ‘மகளிர் மட்டும்’. ஒரே ஆண்டில் மந்திரவாதியின் குகையையும், அலுவலகத்தில் மேலதிகாரியின் தொல்லையைச் சகிக்கும் மூன்று பெண்களையும் எடுத்தவரைப் பற்றித்தான் பாணி இல்லை என்கிறோம். ரேவதி, ஊர்வசி, ரோகிணி மூவரும் நாசரும் நடித்த இந்தப் படத்தில் நாகேஷுக்குப் பிண வேடம். தமிழ்த் திரையில் யாரையும் விட வேகமாக உடலை அசைக்கத் தெரிந்த நடிகரை அசையவே கூடாது என்று உட்காரவைத்து, அதில் ஒரு நகைச்சுவைப் பகுதியையே உருவாக்கினார்கள். நிபந்தனையிலிருந்து கலை பிறக்கிறது என்று மேலே சொன்னதற்கு இதைவிட நல்ல சான்று எனக்குக் கிடைக்கவில்லை. பணியிடத்தில் பெண்கள் படும் தொல்லை என்ற விஷயத்தை, அதைப் பொதுவில் பேசவே கூசிய ஒரு காலத்தில், அறிவுரை தொனி இல்லாமல் வெகுமக்கள் படமாக்கியதற்காகவும் அது மதிக்கப்பட வேண்டும்.

எல்லாமே வெற்றி என்று சொல்ல மாட்டேன். ‘காதலா காதலா’ (1998) சிரிக்க வைக்கிறது, ஆனால் முடிச்சுகள் தளர்ந்தே இருக்கின்றன. அதில் நிபந்தனை எதுவும் இல்லாததே குறை என்று நினைக்கிறேன். ‘மும்பை எக்ஸ்பிரஸ்’ டிஜிட்டல் கேமராவில் எடுக்கப்பட்டது, அன்று அது பெரிய துணிச்சல். ஆனால் ‘சந்திரமுகி’ வெளியான அதே நாளில் வந்து, கவனிக்கப்படாமல் போயிற்று. இன்று பார்த்தால் அதன் நகைச்சுவையின் வறட்சி வேண்டுமென்றே செய்யப்பட்டது என்று புரிகிறது. இதற்கிடையே சென்னை நிறுவனமான பெண்டாமீடியாவுக்காக ‘சன் ஆஃப் அலாதீன்’ (2003) என்ற அனிமேஷன் படம், பிறகு 2008இல் ‘கடோத்கச்’ என்ற இன்னொன்று. ஸ்டாப்வாட்ச்சுடன் கடோத்கசனின் படத்தில் நின்ற இளைஞர், ஐம்பது ஆண்டுகள் கழித்து எழுபதைத் தாண்டிய வயதில் அதே கடோத்கசனைக் குழந்தைகளுக்காக வரையச் சொன்னார். ‘கல்கி 2898 ஏடி’ தொடங்கப்பட்டபோது, இளைய இயக்குநரான நாக் அஸ்வின் அவரை வழிகாட்டியாக அழைத்துக்கொண்டது எனக்கு வியப்பளிக்கவில்லை.

இவற்றைப் பார்க்க விரும்பினால், முதலில் ‘திக்கற்ற பார்வதி’யையும் ‘பேசும் பட’த்தையும் அடுத்தடுத்துப் பாருங்கள். ஒன்றில் கடன்பட்ட ஏழை, மற்றதில் வேலையில்லாத ஏழை. ஒன்றில் பேச்சு உண்டு, மற்றதில் இல்லை. அதன் பிறகு ‘மாயா பஜா’ரின் மணப்பெண் காட்சிகள், அவற்றைத் தொடர்ந்து ‘மைக்கேல் மதன காமராஜன்’. முடிந்தால் ராஜ்குமார் படம் ஒன்றையும் துணையெழுத்துடன் தேடிப் பாருங்கள். தமிழ் வழியாக மட்டும் அவரை அறிந்தவர்களுக்கு இதுவரை தெரியாமல் இருக்கும் பக்கம் அதுதான். ‘பேசும் பட’த்தை மட்டும் தொலைபேசித் திரையில், ஒலியைக் குறைத்து வைத்துக்கொண்டு பார்க்க வேண்டாம், அந்தத் திரையரங்குச் சண்டையின் சத்தம் சுவருக்கு அப்பாலிருந்து வருவது போல் கேட்க வேண்டும்.